சேலத்திலிருந்து அனிமேஷன் படங்களுக்கு: டிப்ளமோவுக்குப் பணம் கட்டும் முன்

கேள்வி: சேலம் அம்மாபேட்டையில் இருக்கிறோம். பாப்பா பிளஸ் டூ படிக்கிறாள், நன்றாக வரைவாள். குடும்பத்தோடு போய்ப் பார்க்கிற அனிமேஷன் படங்களில் வேலை செய்ய வேண்டும் என்று ஆசைப்படுகிறாள். இங்கே ஒரு இன்ஸ்டிட்யூட்டில் ஒரு வருட டிப்ளமோ, வேலைக்கு கேரண்டி என்கிறார்கள். சேர்க்கலாமா? உள்ளே வேலை எப்படி இருக்கும்? ஏற்காட்டில் எங்களுக்கு ஒரு வீடு இருக்கிறது, பிற்காலத்தில் அங்கிருந்தே செய்ய முடியுமா?

பதில்:

அனிமேட்டரை வேலைக்கு எடுக்கும்போது வரைகிற கோடு சுத்தமாக இருக்கிறதா என்று யாரும் பெரிதாகப் பார்ப்பதில்லை. ஒரு பாத்திரம் தரையில் கனத்தோடு நிற்கிறதா, யோசிக்கிறதா, யோசித்த பிறகு அசைகிறதா என்றுதான் பார்ப்பார்கள். பாதி நடிப்பு, பாதி நேரக்கணக்கு. பாப்பாவுக்கு வரைய வருவது நல்ல தொடக்கம்தான். ஆனால் அழகாக வரைகிறவர்கள் ஒரு பந்தைத் துள்ள வைக்கத் திணறுவதும், சுமாராக வரைகிறவர்கள் தேர்ந்த அனிமேட்டர் ஆவதும் இந்தத் துறையில் சர்வ சாதாரணம். அதனால் எந்த இன்ஸ்டிட்யூட் என்ற கேள்விக்குப் போகும் முன் எந்த வேலை என்று முடிவாக வேண்டும்.

ஒரு படத்துக்குள் பத்துப் பன்னிரண்டு தொழில்கள் இருக்கின்றன. கதையைப் படம் படமாக வரைவது ஸ்டோரிபோர்டு. அதைக் குரலோடு நேரம் வைத்து ஓட்டிப் பார்ப்பது அனிமேட்டிக். பாத்திர வடிவமைப்பு, பின்னணி, மாடலிங், மாடலுக்கு எலும்பும் கன்ட்ரோலும் போடுகிற ரிக்கிங், கேமரா எங்கே என்று வைக்கிற லேஅவுட், பிறகு அனிமேஷன், துணி, முடி, தண்ணீர், புகை போன்ற எஃபெக்ட்ஸ், லைட்டிங், கடைசியில் எல்லாவற்றையும் ஒன்று சேர்க்கிற காம்ப். 3டி அனிமேட்டர் நாள் முழுக்க பென்சிலைத் தொடாமலேயே வேலை பார்க்க முடியும். அவர் கையில் இருப்பது ரெடிமேடான ரிக். அதைப் போஸ் போஸாக வளைப்பதுதான் வேலை. பாப்பாவுக்கு வரைவதை விட மனமில்லை என்றால் ஸ்டோரிபோர்டு, பாத்திர வடிவமைப்பு, பின்னணி, 2டி அனிமேஷன் என்ற நான்கு வாசல்கள்தான் உண்டு. இதில் முதல் மூன்றுக்கும் ஆட்கள் குறைவாகத்தான் தேவைப்படுவார்கள். படத்தின் பெரும்பாலான சம்பளம் போவது அனிமேஷன், லைட்டிங், எஃபெக்ட்ஸ் பக்கம்.

கணக்கைப் பாருங்கள். சினிமா விநாடிக்கு 24 ஃப்ரேம், அதாவது அசையாத 24 தனிப் படம். 90 நிமிடப் படம் என்றால் 5,400 விநாடி, அதாவது 1,29,600 ஃப்ரேம். கையால் வரைகிற 2டியில் பல இடங்களில் வரைந்த ஒரே படத்தை இரண்டு ஃப்ரேமுக்கு வைப்பார்கள். அப்போதும் விநாடிக்கு 12 படம், அதுவும் ஒரு பாத்திரத்துக்கு. தரமான திரைப்படத்தில் ஓர் அனிமேட்டரிடம் வாரத்துக்குச் சுமார் 3 முதல் 5 விநாடிதான் எதிர்பார்ப்பார்கள். டிவி தொடர் என்றால் அதே அளவை ஒரே நாளில் கேட்பார்கள், சில இடங்களில் அதற்கும் மேலே. 50 அனிமேட்டர்கள், ஆளுக்கு வாரம் 3 விநாடி என்று வைத்தால் வாரத்துக்கு 150 விநாடி. ரீடேக்கே இல்லாமல் 36 வாரம். ரீடேக் இல்லாத படம் கிடையாது. ஆகவே அனிமேஷன் கட்டம் மட்டுமே ஒரு வருடத்தைத் தாண்டிவிடும். கதை தொடங்கி வெளியீடு வரை மூன்று நான்கு வருடம் ஆவது வழக்கம். ஒரு வருட உழைப்பைத் திரையில் ஓட்டினால் இரண்டு மூன்று நிமிடம் வரும். இந்த நிதானம் பிடிக்காதவர்களுக்கு இந்த வேலை ஒத்துவராது.

குடும்பப் படம் என்பதால் வேலை சுலபம் என்று நினைத்துவிட வேண்டாம். தியேட்டரில் நாலு வயதுப் பிள்ளையும் இருக்கும், பக்கத்தில் பாட்டியும் இருப்பார். பிள்ளைக்கு வசனம் பாதி புரியாது. பாட்டிக்கு வேகம் பிடிபடாது. எனவே ஒவ்வொரு ஷாட்டையும் ஒலியை நிறுத்திவிட்டு ஓட்டிப் பார்ப்பார்கள். யார் என்ன நினைக்கிறார் என்பது அப்போதும் விளங்க வேண்டும். பாத்திரத்தை முழுக்கக் கறுப்பாக்கி நிழலுருவாகப் பார்ப்பது இன்னொரு சோதனை. கை உடம்புக்கு முன்னால் மறைந்துபோனால் போஸை மாற்ற வேண்டியதுதான். முக்கியமான போஸுக்கு வந்த பிறகு குறைந்தது 8 முதல் 12 ஃப்ரேமாவது அதிலேயே இருக்கவிட வேண்டும், இல்லாவிட்டால் கண் அதைப் படிக்காது. தணிக்கைச் சான்றிதழும் வேலையைக் கூட்டும்: யு/ஏ பிரிவு இப்போது 7+, 13+, 16+ என்று பிரிக்கப்பட்டிருக்கிறது. தயாரிப்பாளருக்கு யு வேண்டும் என்றால் அடி விழும் கணத்தைக் காட்டாமல், அடி வாங்கியவர் விழுந்து எழுந்து தலையை உதறுவதைக் காட்டச் சொல்வார்கள். அப்படி எடிட்டில் மாறிய ஷாட்டை முதலிலிருந்து செய்ய வேண்டியிருக்கும்.

குழந்தைப் பாத்திரங்கள்தான் இந்தப் படங்களின் உயிர். தொடக்கநிலை ஆட்கள் அதிகம் சறுக்குவதும் அங்கேதான். பெரியவரின் நடையைச் சிறிய உடம்பில் போட்டால் குள்ளமான பெரியவர்தான் கிடைப்பார். பெரியவர் உயரம் ஏழு தலை என்றால் கார்ட்டூன் குழந்தை மூன்று தலை. தலை கனம் என்பதால் எடையின் மையம் மேலே ஏறிவிடும். அதனால் கால் அகட்டி நிற்கும், சின்ன அடியாக வைக்கும், கைகள் பக்கவாட்டில் விரிந்திருக்கும், நிற்க வேண்டிய இடத்தைத் தாண்டி ஓர் அடி போய்த்தான் நிற்கும். ஏதாவது செய்யுமுன் பெரியவர் உடம்பைத் தயார் செய்வது போல குழந்தை செய்யாது, நேராகப் பாயும்.

இதையெல்லாம் படிக்க சேலம் ஒன்றும் மோசமான ஊர் இல்லை. செவ்வாய்ப்பேட்டை மண்டியில் காலையில் ஒரு மணி நேரம் நிற்கட்டும். முதுகில் மூட்டை ஏற்றியவர் இடுப்பிலிருந்து முன்னால் சாய்வார், அவர் எடையும் மூட்டையின் எடையும் சேர்ந்து பாதத்துக்கு நேர் மேலே வர வேண்டும் என்பதால். அடி குறுகும், இரண்டு பாதமும் ஒருசேரத் தரையில் இருக்கிற நேரம் கூடும், கை வீச்சு நின்றுவிடும். மூட்டையை இறக்கியதும் உடம்பு உடனே நிமிராது. முதலில் இடுப்பு, பிறகு முதுகு, கடைசியில் தலை. இந்த வரிசையைப் புரிந்துகொண்ட பிள்ளைக்குக் கனம் காட்டுவது எப்படி என்று யாரும் சொல்லித்தர வேண்டாம். பழைய பஸ் ஸ்டாண்டில் டவுன் பஸ்ஸை ஓடிப் பிடிப்பவர்கள், திண்ணையிலிருந்து முழங்காலில் கை ஊன்றி எழுகிற பாட்டி, வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் சலங்கை பற்றவைக்கிற விரல்கள், ஒவ்வொன்றும் ஒரு பாடம்.

ஏற்காட்டு பஸ்ஸை விட்டுவிடாதீர்கள். 20 கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொரு வளைவிலும் பயணிகள் திரும்பும் திசைக்கு எதிர்ப்பக்கம் சாய்வார்கள். முதலில் தோள், அதைத் தொடர்ந்து தலை, அதற்கும் பின்னால் மேலே தொங்குகிற பை. பஸ் நேரானதும் பை மட்டும் இன்னும் இரண்டு ஆட்டம் ஆடும். உடம்பின் எல்லாப் பாகமும் ஒரே ஃப்ரேமில் கிளம்பி ஒரே ஃப்ரேமில் நிற்கக் கூடாது என்ற விதியை இதைவிடத் தெளிவாக எந்த வகுப்பிலும் காட்ட முடியாது. டிஸ்னியின் பழைய அனிமேட்டர்கள் பிராங்க் தாமஸும் ஆலி ஜான்ஸ்டனும் 1981இல் எழுதிவைத்த 12 விதிகளில் இதுவும் ஒன்று. மலைப்பாதையோரக் குரங்குகளும், அடிவாரத்தில் குரும்பப்பட்டி உயிரியல் பூங்காவும் நாலுகால் நடைக்கு உதவும். மாடு போன்ற விலங்குகள் நடக்கும்போது பாதம் விழும் வரிசை இடது பின், இடது முன், வலது பின், வலது முன். மிருகங்கள் பேசுகிற படத்தில் இந்த வரிசை தவறினால் ஏன் என்று சொல்லத் தெரியாவிட்டாலும் பிள்ளைகள்கூட ஏதோ சரியில்லை என்று உணர்ந்துவிடுவார்கள். பார்த்ததை போனில் எடுத்துவந்து, ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்தி, எந்த ஃப்ரேமில் எது நடந்தது என்று நோட்டில் எழுத வேண்டும். மற்றவர்களைப் படம் எடுக்கும்போது கேட்டுவிட்டு எடுக்கச் சொல்லுங்கள்.

இனி எண்கள். இவை சட்டம் அல்ல, தொடங்குவதற்கான அளவு. சாதாரண நடையில் ஓர் அடிக்கு 12 ஃப்ரேம். குழந்தைக்கு 8, வயதானவருக்கு 16 முதல் 20, ஓட்டத்துக்கு 4 முதல் 6. கண் ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குத் தாவ 2 ஃப்ரேம் போதும். தலை திரும்புவதற்கு 2 முதல் 4 ஃப்ரேம் முன்பே கண் கிளம்பிவிட வேண்டும். அப்போதுதான் யோசித்துத் திரும்பியது போல இருக்கும். இமைக்க 6 முதல் 9 ஃப்ரேம், மூடுவதைவிடத் திறப்பது மெதுவாக. விழுதல் மட்டும் இயற்பியல். மரத்திலிருந்து மாம்பழம் 1.2 மீட்டர் விழ 12 ஃப்ரேம், 2.75 மீட்டருக்கு 18, ஏறக்குறைய 5 மீட்டருக்கு 24. சம இடைவெளி நேரத்தில் கடக்கும் தூரம் 1, 3, 5, 7 என்று கூடிக்கொண்டே போகும். சமதூரமாக வைத்தால் பழம் கயிற்றில் இறங்குவது போலிருக்கும். துள்ளும் பந்தில் இன்னொரு பொறி உண்டு: துள்ளும் உயரம் பாதியானால் நேரமும் பாதியாகும் என்று பலர் போடுகிறார்கள். ஆகாது; நேரம் சுமார் பத்தில் ஏழு பங்காகத்தான் குறையும்.

உதட்டசைவில் தமிழ்ப் பிள்ளைகளுக்கு ஒரு வசதி இருக்கிறது, யாரும் அதைப் பயன்படுத்துவதில்லை. பள்ளியில் படித்த மாத்திரைக் கணக்கே ஃப்ரேம் கணக்கு. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. சாதாரண வேகப் பேச்சில் குறில் எழுத்துக்கு 3 ஃப்ரேம் அளவிலும் நெடிலுக்கு 5, 6 அளவிலும் தொடங்கலாம். பிறகு ஒலி அலையைப் பார்த்துத் திருத்திக்கொள்ளலாம். ப், ம் வரும்போது உதடு முழுதாக மூடி 2 ஃப்ரேமாவது இருக்க வேண்டும், அவசரப் பேச்சிலும் இதை விடக் கூடாது. வாய் ஒலிக்கு ஓரிரு ஃப்ரேம் முன்பே திறக்க வேண்டும். பயிற்சிக்குக் கிடைக்கும் வாய் வடிவ அட்டவணைகள் ஆங்கிலத்துக்காகப் போட்டவை. அதில் உள்ள குவிந்த உதட்டை ‘காசு’, ‘பாட்டு’ என்று சொல் முடியும் இடமெல்லாம் வைத்தால், பாத்திரம் பேசப் பேச முத்தம் கொடுப்பது போல ஆகிவிடும். குற்றியலுகரத்துக்கு உதடு குவியாது. ‘பசு’வுக்குக் குவியும். டப்பிங் படங்களில் உதடு பொருந்தாதது வேறு கதை. அங்கே வாய் முன்பே வேறொரு மொழிக்கு அசைக்கப்பட்டுவிட்டது, வசனம் எழுதுபவர்தான் அதற்கேற்பச் சொல் தேட வேண்டும்.

3டியில் தொடங்குபவர்களின் ஷாட் ஏன் மிதக்கிறது என்பதற்குக் காரணம் அநேகமாக ஒன்றே. எட்டு எட்டு ஃப்ரேம் இடைவெளியில் கீ (முக்கிய போஸ்) வைத்து, நடுவில் உள்ளதைக் கம்ப்யூட்டர் நிரப்பட்டும் என்று விட்டுவிடுவது. கம்ப்யூட்டருக்குக் கனம் தெரியாது. எல்லாவற்றையும் வழுவழுவென்று ஒரே மாதிரி நகர்த்தும். இதற்கு மருந்து பிளாக்கிங்கை, அதாவது போஸ்களை மட்டும் அமைக்கிற முதல் கட்டத்தை, ஸ்டெப்டு முறையில் (நடுவில் எதையும் நிரப்பாமல் போஸுக்குப் போஸ் தாவ விட்டு) நீண்ட நேரம் வைத்திருப்பது. முக்கிய போஸ்கள், அவற்றுக்கு நடுவே எந்தப் பாதையில் போகிறது என்பதற்கான பிரேக்டவுன், பிறகு இரண்டு முதல் நான்கு ஃப்ரேமுக்கு ஒன்று வரும் அளவுக்கு இடைப் போஸ்கள், அதன் பிறகே ஸ்ப்லைன், அதாவது மிச்ச இடைவெளியைக் கம்ப்யூட்டர் நிரப்ப விடுவது. இரண்டு கையும் ஒரே ஃப்ரேமில் ஒரே வடிவத்தில் போவது அடுத்த நோய். வெறுமனே ஒரு கையை 2 ஃப்ரேம் தள்ளுவது தீர்வாகாது, இரண்டு கைக்கும் வேறு வேறு வேலை இருக்க வேண்டும். வசனத்தின் ஒவ்வொரு சொல்லுக்கும் கை ஆட்டுவது இன்னொன்று. ஒரு வரியில் அழுத்தம் விழும் சொல் ஒன்றோ இரண்டோதான். அங்கே மட்டும் அசைவு போதும். நிற்க வைத்த பாத்திரம் 3டியில் சிலையாகிவிடும், அதனால் மார்பிலும் தலையிலும் கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாத நகர்வு வேண்டும். கால் தரையில் வழுக்குவதும் முழங்கால் திடீரென்று வெட்டி இழுப்பதும் பெரும்பாலும் இடுப்பைக் காலின் நீளத்துக்கு மேல் தூக்கியதால் வருவது. இடுப்பை லேசாக இறக்கினால் பாதிப் பிரச்சினை போய்விடும்.

கருவிகளுக்காகக் கடன் வாங்க வேண்டாம். 3டி சாப்ட்வேரான பிளெண்டர் இலவசம். 2025இல் ஆஸ்கர் வாங்கிய, வசனமே இல்லாத லாட்வியப் படம் ‘ஃப்ளோ’ பிளெண்டரில்தான் செய்யப்பட்டது. 2டிக்கு கிரிட்டா, ஓபன்டூன்ஸ் இரண்டும் இலவசம். பெரிய ஸ்டுடியோக்களில் 3டிக்கு மாயா என்ற சாப்ட்வேர்தான் அதிகம். மாணவர்களுக்கு ஆட்டோடெஸ்க் அதை இலவசமாகவே தருகிறது. 16 ஜிபி ரேம், தனி கிராபிக்ஸ் கார்டு உள்ள கம்ப்யூட்டர் பழகப் போதும். அனிமேஷனுக்கு மட்டும் என்றால் சுமாரான கார்டே போதும், ரெண்டருக்குத்தான் (கம்ப்யூட்டர் இறுதிப் படத்தைக் கணக்கிட்டுத் தருவதற்கு) வலு வேண்டும். சின்ன பென் டேப்லட் ஒன்று, திரை உள்ள டேப்லட் இப்போது வேண்டாம். கோப்பை ஒரே பெயரில் சேமிக்காமல் 01, 02 என்று எண் கூட்டிச் சேமிக்கும் பழக்கம் முதல் நாளே வர வேண்டும். கரண்ட் போனால் காப்பாற்ற ஒரு யுபிஎஸ். இதெல்லாம் வருவதற்கு முன்பே ஏ4 தாளை இரண்டு துளை போட்டு, கண்ணாடிக்கு அடியில் எல்இடி பல்பு வைத்து 12 படம் வரைந்து புரட்டிப் பார்க்கலாம். செலவு சொற்பம், பாடம் முழுசு.

பயிற்சி வரிசை பெரிதாக மாறாது. முதலில் பந்து: பலூன், ரப்பர், இரும்புக் குண்டு மூன்றும் ஒரே அளவில், எது எது என்று அசைவை மட்டும் பார்த்துச் சொல்ல முடிய வேண்டும். பிறகு ஊசல், வால், பாதி நிரம்பிய மாவு மூட்டையை நடக்க வைப்பது, நடை, உட்கார்ந்து எழுதல், கனமான பொருளைத் தூக்குதல். அதன் பிறகு வசனமே இல்லாமல் ஒரு பாத்திரம் மனம் மாறுவதை ஆறு விநாடியில் காட்டுவது. வசன ஷாட் கடைசியில். தினம் மூன்று மணி நேரம் என்றால் இந்த வரிசைக்கு ஒரு வருடம் ஆகும். இதில் கால்வாசியைக்கூடத் தாண்டாமல் நேராக வசன ஷாட்டுக்குத் தாவுகிறவர்களின் ரீல் (வேலை கேட்கும்போது காட்டுகிற, தன் சிறந்த ஷாட்களின் தொகுப்பு) முதல் பத்து விநாடியிலேயே அடையாளம் தெரிந்துவிடும்.

இப்போது அந்த டிப்ளமோ. ஒரு வருடத்துக்குள் போட்டோஷாப், எடிட்டிங், மாடலிங், டெக்ஸ்சர், லைட்டிங், அனிமேஷன், காம்ப் என்று மாதம் ஒன்றாக வைத்தால் அது சாப்ட்வேர் அறிமுகம், தொழில் பயிற்சி ஆகாது. சேரும் முன் நான்கைக் கேளுங்கள். போன பேட்ச் மாணவர்களின் ரீலைக் காட்டுங்கள். வேலை கிடைத்தவர்கள் எந்தத் துறையில் சேர்ந்தார்கள்? அனிமேஷன் சொல்லித்தருபவர் செய்த ஷாட் எது? நடுவில் விலகினால் பணம் எவ்வளவு திரும்பும்? இரண்டாவது கேள்விதான் முக்கியம். வேலைக்கு கேரண்டி என்ற பேச்சுக்குப் பின்னால் பெரும்பாலும் இருப்பது ரோட்டோ வேலை: நடிகரைச் சுற்றி ஃப்ரேம் ஃப்ரேமாகக் கோடு போட்டுப் பின்னணியிலிருந்து பிரித்தெடுப்பது. கௌரவமான வேலைதான், சம்பளமும் வரும், ஆனால் அங்கிருந்து பாத்திர அனிமேஷனுக்குத் தானாக வழி திறக்காது. இரவில் தனியாக ரீல் கட்டினால்தான் மாற முடியும். தவணை என்று சொல்லி உங்கள் பெயரில் நிதி நிறுவனக் கடன் எடுத்துவிடுகிறார்களா என்பதையும் கையெழுத்துக்கு முன் படித்துப் பாருங்கள். அந்தக் கடன், படிப்பை நிறுத்தினாலும் நிற்காது.

பட்டப்படிப்பே வேண்டும் என்றால் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் அனிமேஷன், விஷுவல் எஃபெக்ட்ஸ் பட்டம் இருக்கிறது. கட்டணத்தைப் பார்த்தால் முதலில் முயல வேண்டிய இடம் அது. அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தின் (என்ஐடி) நுழைவுத் தேர்வு, ஐஐடிகளின் வடிவமைப்புப் படிப்புக்கான யூசீட் தேர்வு இரண்டையும் பிளஸ் டூவில் எந்தக் குரூப் எடுத்திருந்தாலும் எழுதலாம். போட்டி கடுமை, ஆனால் அங்கே சோதிப்பது மனப்பாடத்தை அல்ல, கவனிப்பையும் கற்பனையையும். சென்னை, கும்பகோணம் அரசு கவின்கலைக் கல்லூரிகளில் ஓவியம் படித்துவிட்டுப் பின்னணி ஓவியத்துக்கும் பாத்திர வடிவமைப்புக்கும் போகிறவர்களும் உண்டு. பாப்பாவுக்கு வரைவதுதான் உயிர் என்றால் என் ஓட்டு இதற்கே. டிகிரி எதுவானாலும் ஸ்டுடியோ கேட்பது ரீல். வெளிநாட்டுக்குப் போக விசா வேண்டும் என்கிறபோதுதான் டிகிரி கணக்கில் வரும்.

ரீல் ஒரு நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். ஒன்றரை நிமிடம் உச்சம். சிறந்த ஷாட் முதலில், இரண்டாவது சிறந்தது கடைசியில், சந்தேகமானது எதுவும் வேண்டாம். பலவீனமான ஒரு ஷாட் மற்ற நான்கையும் கீழே இழுத்துவிடும். எல்லோரும் பயன்படுத்தும் இலவச ரிக் என்றால் குறைந்தது உடை, நிறம், கேமராவாவது மாற்றுங்கள். பாட்டுப் போட்டு வெட்டாதீர்கள். பார்ப்பவர் ஒலியை நிறுத்திவிட்டுத்தான் பார்ப்பார். குழுவாகச் செய்த ஷாட்டில் தான் எதைச் செய்தாள் என்று கீழே எழுத வேண்டும். பெயர், போன், மின்னஞ்சல், எந்த வேலைக்கு விண்ணப்பம் என்பது தொடக்கத்திலும் முடிவிலும். எல்லாம் தெரியும் என்று மாடலிங், லைட்டிங், லோகோ எல்லாவற்றையும் கலந்து அனுப்புவதைவிட அனிமேஷன் மட்டும் முப்பது விநாடி அனுப்புவது மேல்.

வேலை எங்கே? ஏற்காடு ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவைக் கடக்கும்போதெல்லாம் தோன்றும்: டி.ஆர். சுந்தரம் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்த ஸ்டுடியோ, தமிழின் முதல் முழுநீளக் கலர் படம் 1956இல் வந்த ஊர். இன்று சேலத்தில் பாத்திர அனிமேஷனுக்கு மாதச் சம்பளம் தரும் பெரிய ஸ்டுடியோ இல்லை. பெங்களூரு 200 கிலோமீட்டர், பிறகு சென்னை, ஐதராபாத், திருவனந்தபுரம், மும்பை, புனே. இந்திய ஸ்டுடியோக்களின் வருமானத்தில் பெரும்பங்கு வெளிநாட்டுப் படங்களுக்கும் தொடர்களுக்கும் செய்துதரும் ஒப்பந்த வேலையிலிருந்து வருவது. நம் குடும்பங்கள் நம் கதைக்குத் தியேட்டருக்கு வருவார்கள் என்பதை 2025 ஜூலையில் வந்த ‘மகாவதார் நரசிம்மா’ அனிமேஷன் படம் காட்டிவிட்டது. அதே வருடம் பிப்ரவரியில், வெளிநாட்டுப் படங்களுக்கு விஷுவல் எஃபெக்ட்ஸ் செய்துவந்த டெக்னிகலர் குழுமம் நிலைகுலைந்தபோது பெங்களூரில் ஏராளமானோர் ஒரே வாரத்தில் வேலை இழந்தார்கள். இரண்டும் இந்தத் துறையின் முகம்தான். ஆறு மாதச் செலவைக் கையிருப்பாக வைக்காமல் வீட்டுக் கடனில் இறங்கக் கூடாது.

உள்ளே போனதும் முதல் வருடம் கூட்டத்தில் நிற்கும் பாத்திரங்கள், பின்னால் நடந்துபோகிறவர்கள், ஷாட் திருத்தம். அடுத்து தனி ஷாட்கள். முக்கியப் பாத்திரத்தின் நெருக்கமான நடிப்பு கைக்கு வர மூன்று நான்கு வருடமாவது ஆகும். அதன் பின் சீனியர், லீட், சூப்பர்வைசர். லீட் ஆனதும் அனிமேட் செய்கிற நேரம் பாதியாகும், மற்றவர் ஷாட்டைப் பார்த்துத் திருத்துவதே வேலையாகும். அது பிடிக்காமல் சீனியராகவே இருந்துகொள்கிறவர்களும் உண்டு. தினமும் டெய்லிஸில் எல்லோர் முன்னாலும் ஷாட்டை ஓட்டிக் குறை சொல்வார்கள். குறையைக் குறித்துக்கொண்டு, மறுநாள் அதை மட்டும் சரிசெய்து வருகிற பிள்ளை சீக்கிரம் மேலே போகும். இந்தியாவில் இந்தக் கலை வளர்ந்ததே அப்படித்தான்: 1956இல் டிஸ்னியிலிருந்து கிளேர் வீக்ஸ் பம்பாயில் மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷனுக்கு வந்து பயிற்சி தந்தார், அங்கே கற்ற ராம் மோகன்தான் பின்னால் ஒரு தலைமுறையையே உருவாக்கினார். ஏஐ எல்லாவற்றையும் தின்றுவிடுமா என்று கேட்பீர்கள். ரோட்டோ, இரண்டு போஸுக்கு நடுவே வரும் இடைப்படம், வண்ணம் நிரப்புதல் போன்ற எந்திரத்தனமான வேலைகளில் ஆட்கள் குறைகிறார்கள். இயக்குநர் ‘அவள் கோபமாக இல்லை, கோபத்தை மறைக்கிறாள்’ என்று சொல்வதைக் கேட்டு, அந்த ஒன்றை மட்டும் மாற்றித் தருகிறவருக்கு இன்னும் இடம் இருக்கிறது. அதனால்தான் முதலில் நடிப்பைச் சொன்னேன்.

ஏற்காட்டு வீடு: முதல் மூன்று நான்கு வருடத்துக்கு மறந்துவிடுங்கள். பக்கத்து நாற்காலியில் இருக்கும் சீனியர் போகிற போக்கில் சொல்வதில்தான் பாதிப் படிப்பு. தவிர, வெளியாகாத படம் என்பதால் பெரிய ஸ்டுடியோக்கள் கோப்பை வீட்டுக்குத் தருவதில்லை. வேலை செய்யும் இயந்திரத்தில் இணையம் இருக்காது, போனை வெளியே வைக்கச் சொல்லும் இடங்களும் உண்டு. வீட்டிலிருந்து என்றால் ஸ்டுடியோ கம்ப்யூட்டரைத் தொலைவிலிருந்து இயக்க வேண்டும். அதற்கு வேகத்தைவிடத் தடங்கலில்லாத, தாமதமில்லாத இணைப்பு முக்கியம். மொபைல் ஹாட்ஸ்பாட்டில் பேனாக் கோடு கைக்குப் பின்னால் ஓடிவரும். கேபிள் வழி ஃபைபர், மாற்றாக இன்னொரு நிறுவனத்தின் இணைப்பு, இன்வெர்ட்டர், இடி மின்னலுக்கு நல்ல எர்த்திங். இவை எல்லாவற்றையும் கோடையில் சோதித்துப் பயனில்லை. ஐப்பசி, கார்த்திகை மழையில் ஒரு மாதம் ஓட்டிப் பார்த்துத்தான் மேலே குடிபோகலாம்.

தனியாக வேலை எடுக்கும் காலம் வந்தால் விநாடிக்கு இவ்வளவு என்று பேசுவார்கள். விநாடிக் கணக்கு ஏமாற்றும். ஒருவர் நிற்கும் ஐந்து விநாடியும் மூவர் கட்டிப்புரளும் ஐந்து விநாடியும் ஒன்றல்ல; ஷாட்டைப் பார்த்த பிறகே விலை சொல்ல வேண்டும். மூன்றில் ஒரு பங்காவது முன்பணம். பிளாக்கிங் ஒப்புதல் ஆன பிறகு நடிப்பை மாற்றச் சொன்னால் தனிக் கட்டணம், இலவச ரீடேக் இரண்டு முறை, பணம் எத்தனை நாளில், படத்தில் பெயர் வருமா என்பதெல்லாம் மின்னஞ்சலில் எழுத்தாக இருக்க வேண்டும். பிடித்தம் செய்த டிடிஎஸ் தன் பான் கணக்கில் ஏறியிருக்கிறதா என்று வருடம் ஒருமுறை பார்க்க வேண்டும். சேவை வருமானம் வருடத்துக்கு 20 லட்சத்தைத் தாண்டினால் ஜிஎஸ்டி பதிவு. ரகசிய ஒப்பந்தம் போட்ட படத்தின் ஷாட்டை வெளியீட்டுக்கு முன் ரீலில் சேர்க்கக் கூடாது. வெளியான பிறகும் ஸ்டுடியோவிடம் அனுமதி கேட்டு, அவர்கள் தரும் கிளிப்பை மட்டும் சேர்க்க வேண்டும். வேலையை விட்டு வெளியே வந்த பிறகு அதை வாங்குவது கடினம் என்பதால், எந்தப் படம், எந்த ஷாட் எண், எத்தனை ஃப்ரேம் என்ற பட்டியலை வேலையில் இருக்கும்போதே எழுதிவைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.